வேலையின்மை 5 சதவீதம் என்றால் என்ன? யாரை எண்ணுகிறார்கள், யாரை விடுகிறார்கள்

2025 மே மாதத்திலிருந்து இந்தியாவின் வேலையின்மை விகிதம் மாதாமாதம் வெளியாகிறது. முதல் எண் ஏப்ரல் 2025-க்கானது: 5.1 சதவீதம். மே, ஜூன் இரண்டிலும் 5.6. ஜூலையில் 5.2. அதாவது வேலைக்குத் தயாராக இருக்கும் நூறு பேரில் ஐந்து அல்லது ஆறு பேருக்குத்தான் வேலை இல்லை.

தமிழ்நாட்டில் 2024 ஜூனில் நடந்த டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4 தேர்வை நினைத்துப் பாருங்கள். அறிவிக்கப்பட்ட இடங்கள் 6,244. விண்ணப்பித்தவர்கள் 20 லட்சத்துக்கும் மேல். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிற யாருக்கும், இதில் ஒன்று பொய் என்றுதான் தோன்றும். அரசு எண்ணை மறைக்கிறது என்று ஒரு தரப்பும், பையன்களுக்கு அரசு வேலை மோகம் என்று இன்னொரு தரப்பும் சண்டை போடுவது இதனால்தான்.

இரண்டுமே உண்மை. விண்ணப்பித்த 20 லட்சம் பேரில் பலர், கணக்கெடுப்பின் பார்வையில் ஏற்கெனவே 'வேலையில் இருப்பவர்கள்'. அது எப்படி என்று புரிய, எண்ணும் முறையை அடியிலிருந்து பார்க்க வேண்டும்.

கணக்கை எடுப்பது யார்?

தேசியப் புள்ளியியல் அலுவலகம் நடத்தும் காலமுறைத் தொழிலாளர் கணக்கெடுப்புதான் இதற்கு மூலம். செய்திகளில் பி.எல்.எஃப்.எஸ். என்று வருவது இதுதான். 1972-73 முதல் 2011-12 வரை பெரும்பாலும் ஐந்தாண்டுக்கு ஒருமுறை எடுத்துவந்த பெரிய வேலைவாய்ப்புக் கணக்கெடுப்புக்குப் பதிலாக, 2017-ல் இது தொடங்கியது. 2025 ஜனவரியில் வடிவம் மாறியது. தேர்ந்தெடுத்த ஒவ்வொரு கிராமப் பகுதியிலும் நகர்ப்புறப் பகுதியிலும் 12 வீடுகள், மொத்தம் சுமார் 2.72 லட்சம் வீடுகள். ஒரே வீட்டுக்குத் தொடர்ந்து நான்கு மாதம், மாதம் ஒருமுறை போகிறார்கள்.

வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து வைத்திருப்பவர்களின் பட்டியலுக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. அங்கே பதிந்தவர் வேலையில் இருந்தாலும் புதுப்பித்துக்கொண்டே இருக்கலாம். நம்மூரில் பல வீடுகளில் அதுதான் நடக்கிறது.

மூன்று கூட்டம், இரண்டு வகுத்தல்

15 வயதுக்கு மேற்பட்ட எல்லோரையும் கணக்கெடுப்பு மூன்றாகப் பிரிக்கிறது.

1. வேலையில் இருப்பவர்.
2. வேலை இல்லாதவர். அதாவது வேலை தேடுகிறவர், அல்லது தேடாவிட்டாலும் கிடைத்தால் போகத் தயாராக இருப்பவர்.
3. இந்த இரண்டிலும் சேராதவர். மாணவர், வீட்டு வேலை மட்டும் பார்ப்பவர், ஓய்வூதியர், உடல்நிலை காரணமாக உழைக்க முடியாதவர்.

முதல் இரண்டும் சேர்ந்தது உழைப்பாளர் தொகுதி. மொத்த மக்களில் அதன் பங்கு பங்கேற்பு விகிதம். வேலையின்மை விகிதம் என்பது இரண்டாவது கூட்டத்தை உழைப்பாளர் தொகுதியால் வகுத்தால் வருவது. மொத்த மக்கள்தொகையால் வகுப்பதில்லை. பாதிக் குழப்பம் இங்கேதான்.

2023-24 ஆண்டறிக்கையை எடுத்துக்கொள்வோம். நூறு பேரில் 60.1 பேர் உழைப்பாளர் தொகுதியில் இருந்தார்கள். அதில் 58.2 பேர் வேலையில். மிச்சம் 1.9. அதை 60.1-ஆல் வகுத்தால் 3.2 சதவீதம். அந்த ஆண்டின் வேலையின்மை விகிதம் அதுதான். மீதி 39.9 பேர் கணக்கிலேயே வரவில்லை.

இதனால் ஒரு விசித்திரம் உண்டு. வேலை தேடி அலுத்துப்போய், 'இனிமேல் வேண்டாம்' என்று ஒருவர் வீட்டோடு இருந்துவிட்டால் அவர் மூன்றாவது கூட்டத்துக்குப் போய்விடுவார். வேலையின்மை விகிதம் இறங்கும். நாட்டில் ஒரு வேலைகூட கூடியிருக்காது.

எந்தக் காலத்தைப் பற்றிக் கேட்கிறார்கள்?

'உங்களுக்கு வேலை இருக்கிறதா?' என்று மொட்டையாகக் கேட்டால் பதில் வராது. மாதச் சம்பளக்காரர் உடனே சொல்லிவிடுவார். கட்டட வேலைக்குப் போகிறவர், 'இன்றைக்கா, இந்த வாரமா, இந்த வருஷமா?' என்று திருப்பிக் கேட்பார். அவர் கேட்பதுதான் சரி. பொருளாதார அறிஞர் எம்.எல். தந்த்வாலா தலைமையிலான குழுவும் 1970-ல் இதையே சொன்னது: சொந்த நிலமும் கூலி வேலையும் பருவ வேலையும் கலந்து கிடக்கும் நாட்டில், வேலையின்மையை ஒற்றை எண்ணில் அடைக்க முடியாது. அதன் பிறகு வந்தவைதான் இந்த மூன்று அளவுகோல்கள்.

1. வழக்கமான நிலை. கடந்த 365 நாட்களில் பெரும்பகுதி என்ன செய்தீர்கள்? பெரும்பகுதி வேலை இல்லாமல் இருந்தாலும், துணை வேலையாக 30 நாள் எதையாவது செய்திருந்தால் நீங்கள் வேலையில் இருப்பவர். ஆண்டறிக்கை வரும்போது செய்தித் தலைப்பில் வரும் எண் பெரும்பாலும் இதுதான்.

2. வார நிலை. கடந்த ஏழு நாட்களில், ஏதாவது ஒரு நாளில், ஒரு மணி நேரமாவது வேலை செய்தீர்களா? செய்திருந்தால் வேலையில் இருப்பவர். இப்போதைய மாத எண்கள் இந்த அளவுகோலில் வருபவை.

3. அன்றாட நிலை. வாரத்தின் ஒவ்வொரு நாளையும் அரை அரை நாளாக உடைத்து எண்ணுவது. நான்கு மணி நேரமும் அதற்கு மேலும் என்றால் முழு நாள். ஒன்றிலிருந்து நான்குக்குள் என்றால் அரை நாள். இங்கே ஆட்களை எண்ணுவதில்லை, மனித நாட்களை எண்ணுகிறார்கள்.

மழைக் காலத்தில் ஒரு சித்தாளின் வாரத்தைப் பாருங்கள். தினமும் காலையில் கூலியாட்கள் கூடும் முக்கில் போய் நிற்கிறார். செவ்வாய்க்கிழமை மட்டும் கூப்பிட்டார்கள். மூன்று மணி நேரத்தில் மழை பிடித்துக்கொண்டதால் அனுப்பிவிட்டார்கள். மற்ற ஆறு நாளும் சும்மா. முதல் அளவுகோலில் அவர் வேலையில் இருப்பவர், ஏனென்றால் வருஷத்தில் பெரும்பகுதி ஓடியிருக்கிறது. இரண்டாவதிலும் வேலையில் இருப்பவர், மூன்று மணி நேரம் போதும். மூன்றாவதில்தான் அரை நாள் வேலை, ஆறரை நாள் வேலையின்மை என்று வரும். அவரைக் கேட்டால் மூன்றாவதைத்தான் சொல்வார்.

2011-12 கணக்கெடுப்பு மூன்றையும் வெளியிட்டது. வழக்கமான நிலையில் 2.2 சதவீதம், வார நிலையில் 3.7, அன்றாட நிலையில் 5.6. ஒரே ஆண்டு, ஒரே வீடுகள். பி.எல்.எஃப்.எஸ். வந்த பிறகு, கூலிக்காரரின் நிலையை நெருங்கிக் காட்டும் மூன்றாவது அளவுகோல் தலைப்பிலிருந்து ஒதுங்கிவிட்டது. என்னைக் கேட்டால், மாத எண்ணோடு அதையும் சேர்த்துத் தருவது முடியாத காரியமில்லை. வாரத்தில் எந்த நாள் எத்தனை மணி நேரம் என்று படிவத்தில் ஏற்கெனவே கேட்டுத்தான் எழுதுகிறார்கள்.

சரி, இந்த ஒரு மணி நேர விதி இந்திய அரசின் தந்திரமா? இல்லை. உலகத் தொழிலாளர் அமைப்பின் நெடுநாள் விதி அது. அமெரிக்காவும் இப்படித்தான் எண்ணுகிறது. நாட்டின் உற்பத்திக்குள் போகும் உழைப்பு எதுவும் விடுபடக்கூடாது, தேசிய வருமானக் கணக்கோடு பொருந்த வேண்டும் என்பது அதன் நோக்கம். பெரும்பாலோர் சம்பளக்காரர்களாக இருக்கும் நாட்டில் அந்த விதியால் பெரிய கோளாறு வராது. அங்கே வேலை போனால் முழுசாகப் போகும், உதவித்தொகை வரும். நம்மூரில் வேலை முழுசாகப் போவதே அபூர்வம். தேய்ந்து தேய்ந்து போகும். தேய்வதை இந்த விதி பிடிக்காது.

ஒரு வீடு, பல குறியீடுகள்

கணக்கெடுப்பில் ஒவ்வொரு ஆளுக்கும் ஓர் இரண்டு இலக்கக் குறியீடு உண்டு. முக்கியமானவை இவை: சொந்தமாகத் தொழில் செய்பவர் 11, ஆள் வைத்துத் தொழில் நடத்துபவர் 12, குடும்பத் தொழிலில் சம்பளமில்லாமல் உதவுபவர் 21, மாதச் சம்பளக்காரர் 31, தினக்கூலி 51 (அரசுப் பணிகளில் என்றால் 41), வேலை தேடுபவர் 81, மாணவர் 91, வீட்டு வேலை மட்டும் பார்ப்பவர் 92, வீட்டு வேலையோடு விறகு, புல், கீரை பறித்து வருவது, வீட்டுக்காகத் தைப்பது, நெய்வது போன்றவற்றையும் செய்பவர் 93, ஓய்வூதியத்தில் இருப்பவர் 94.

உசிலம்பட்டிப் பக்கம் ஒரு வீடு என்று வைத்துக்கொள்வோம். அப்பாவுக்குப் பெட்டிக்கடை: 11. அவர் சரக்கு எடுக்கப் போகும்போது அம்மா கல்லாவில் உட்காருகிறார்: 21. அம்மா கையில் ஒரு பைசா வருவதில்லை, ஆனாலும் வேலையில் இருப்பவர். மூத்த மகன் நாம் மேலே பார்த்த சித்தாள்: 51. தாத்தா ஓய்வு பெற்ற அரசு ஊழியர்: 94.

மருமகள் வீட்டில் ஒரு கறவை மாடு வைத்துப் பார்க்கிறார். பாலை விற்றாலும் சரி, வீட்டுக்கே வைத்துக்கொண்டாலும் சரி, மாடு வளர்த்துப் பால் எடுப்பது பொருளாதார வேலைதான். அவர் உழைப்பாளர் தொகுதிக்குள் வருவார். அவரே மாடு வைத்துக்கொள்ளாமல், புல்லும் விறகும் மட்டும் பொறுக்கி வந்தால் 93, தொகுதிக்கு வெளியே. தலைச்சுமை இரண்டிலும் ஒன்றுதான்.

இனி இளைய மகள். பி.எஸ்சி. முடித்து இரண்டு வருஷமாகக் குரூப் 4-க்குப் படிக்கிறாள். வீட்டில் ஒரு தையல் மெஷின் இருக்கிறது. அவளுக்கு என்ன குறியீடு?

1. 'வேலை தேடுகிறேன், கிடைத்தால் போவேன்' என்று சொன்னால் 81.
2. அவள் வீட்டில் இல்லாத நேரம் கணக்கெடுப்பவர் வந்து, 'வீட்டு வேலைதான் பார்க்குது' என்று அப்பா சொல்லிவிட்டால் 92. தகவல் சொல்வது எப்போதும் சம்பந்தப்பட்ட ஆளாகவே இருப்பதில்லை. வீட்டில் அப்போது இருப்பவர்தான் பல நேரம் பதில் சொல்கிறார்.
3. வீட்டுப் பிள்ளைகளுக்கு மட்டும் தைக்கிறாள் என்றால் 93.
4. பக்கத்து வீட்டு அக்காவின் ரவிக்கையைக் காசுக்குத் தைத்துக் கொடுத்தால் 11. கடந்த வாரத்தில் அப்படி ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தால், வார நிலையில் அவள் சுயதொழில் செய்பவர். வருஷத்தில் 30 நாள் அப்படித் தைத்திருந்தால், ஆண்டுக் கணக்கிலும் வேலையில் இருப்பவர். நூறு நாள் வேலைக்கு 30 நாள் போயிருந்தாலும் அப்படியே.

குரூப் 4 விண்ணப்பதாரர்களில் அவளும் ஒருத்தி. முதல் பதிலைத் தவிர மற்ற மூன்றிலும், வேலையின்மை எண்ணில் அவள் இல்லை. தேர்வுக் கூட்டமும் 5 சதவீதமும் ஒரே ஊரில் சேர்ந்து இருக்க முடிவது இதனால்தான்.

பெண்கள் வந்தார்களா, எண்ணப்பட்டார்களா?

இந்த எல்லைக் கோடுகள் ஆண்களை அவ்வளவாக அசைப்பதில்லை. பெண்களின் எண்ணைத்தான் தூக்கித் தூக்கிப் போடுகின்றன.

இதற்குப் பழைய சாட்சி மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இருக்கிறது. 1961-ல், பருவத்தின் பெரும்பகுதியில் தினம் ஒரு மணி நேரத்துக்கு மேல் வழக்கமாக வேலை செய்தாலே உழைப்பாளி என்று எண்ணினார்கள். 1971-ல் 'உங்கள் முதன்மையான வேலை எது?' என்று கேள்வி மாறியது. வயலிலும் அடுப்படியிலும் மாறி மாறி நின்ற பெண்கள் பலர் 'வீட்டு வேலை' என்ற பட்டியலுக்குப் போனார்கள். வேலை செய்யும் பெண்களின் பங்கு பத்தே ஆண்டில் சுமார் பாதியாக விழுந்தது. வயலில் களை பறித்த கைகள் அதற்காகக் குறைந்துவிடவில்லை. 1981-ல் முதன்மை உழைப்பாளர், குறுங்கால உழைப்பாளர் என்று இரண்டு வகை வந்ததற்கு இந்த அனுபவம்தான் பின்னணி.

அண்மைக் கதையும் ஏறத்தாழ இதே மாதிரிதான். 15 வயதுக்கு மேற்பட்ட கிராமப்புறப் பெண்களின் பங்கேற்பு விகிதம் 2004-05-ல் 49.4 சதவீதம். 2017-18-ல் 24.6. பாதியாகிவிட்டதே என்று ஏராளமான ஆய்வுகள் வந்தன: பெண்கள் அதிகம் படிக்கிறார்கள், வயலில் இயந்திரம் வந்துவிட்டது, கணவன் வருமானம் கூடினால் மனைவியை நிறுத்திவிடுகிறார்கள், வீட்டுக்கு அருகே ஏற்ற வேலை இல்லை. பிறகு அதே எண் மளமளவென்று ஏறி 2023-24-ல் 47.6-க்கு வந்துவிட்டது. இறங்க 13 ஆண்டு, ஏற ஆறு ஆண்டு.

ஏறியது எந்த வகையில் என்று பார்த்தால்தான் விஷயம் தெளியும். மூன்று விவரங்கள் போதும்.

1. வேலையில் இருக்கும் பெண்களில் சுயதொழில் என்று எண்ணப்படுபவர்கள் 2017-18-ல் 51.9 சதவீதம், 2023-24-ல் 67.4.
2. அதற்குள்ளேயே, குடும்பத் தொழிலில் சம்பளமில்லாமல் உதவும் 21-ஆம் குறியீட்டுப் பெண்கள் 31.7-லிருந்து 36.7 சதவீதமானார்கள். வேலையில் இருக்கும் மூன்று பெண்களில் ஒருவருக்கும் மேலானோருக்குக் கூலியே கிடையாது.
3. கிராமப்புறத்தில் வேலையில் இருக்கும் பெண்களில் விவசாயத்தில் இருப்பவர்கள் 73.2-லிருந்து 76.9 சதவீதமானார்கள். நாடு வளர வளர விவசாயத்தில் ஆள் குறைய வேண்டும், இங்கே கூடியிருக்கிறது.

இதில் எவ்வளவு நிஜமான மாற்றம், எவ்வளவு முன்பு 93 என்று எழுதியதை இப்போது 21 என்று எழுதுவது? இரண்டும் கலந்துதான் இருக்க வேண்டும் என்பது என் கணிப்பு. கோவிட் காலத்தில் வருமானம் விழுந்த வீடுகளில் பெண்கள் கிடைத்த வேலையில் இறங்கியதும் உண்மை. கணக்கெடுப்பவர் கூடுதலாக இரண்டு கேள்வி கேட்டால் 92 என்பது 21 ஆகிவிடுவதும் உண்மை. எப்படியானாலும், 'பெண்கள் பங்கேற்பு இரட்டிப்பு' என்ற தலைப்பைப் பார்த்துவிட்டு, பெண்களுக்குச் சம்பள வேலை இரட்டிப்பானதாக நினைத்தால் தவறு.

சர்வதேச அளவில் கோடு வேறு இடத்துக்கு நகர்ந்திருக்கிறது. 2013-ல் ஜெனீவாவில் நடந்த 19-ஆவது உலகத் தொழிலாளர் புள்ளியியலாளர் மாநாடு, சமையலும் குழந்தை பராமரிப்பும் உள்பட எல்லாவற்றையும் 'உழைப்பு' என்று ஏற்றுக்கொண்டது. கூலிக்காகவோ லாபத்துக்காகவோ செய்வதை மட்டும் 'வேலைவாய்ப்பு' என்று தனியாகப் பிரித்தது. அந்த விதிப்படி வீட்டுச் சாப்பாட்டுக்கு மட்டும் பயிர் செய்பவர் வேலைவாய்ப்பில் சேரமாட்டார். இந்தியக் கணக்கு அவரை இன்னும் சேர்க்கிறது. கடைக் கல்லாவில் உட்காரும் அம்மா இரண்டு விதியிலும் வேலையில் இருப்பவரே, ஏனென்றால் கடை லாபத்துக்காக நடக்கிறது. புதிய விதிக்கு இந்தியா முழுசாக மாறினால் பெண்களின் எண் மறுபடி சரியும். அப்போதும் யாரும் வயலை விட்டுப் போயிருக்கமாட்டார்கள்.

92 என்று ஒதுக்கப்படும் உழைப்பின் அளவு தெரிய வேண்டுமானால் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு என்று தனியாக ஒன்று இருக்கிறது. 2019-லும் 2024-லும் எடுத்தார்கள். 2024-ல் 15 முதல் 59 வயதுப் பெண்கள், சம்பளமில்லாத வீட்டு வேலைகளில் ஈடுபட்டவர்கள், நாளுக்கு 305 நிமிடம் அதில் செலவிட்டார்கள். ஈடுபட்ட ஆண்களுக்குச் சுமார் ஒன்றரை மணி நேரம். 2023 செப்டம்பர் 15 முதல் தமிழ்நாடு அரசு மகளிர் உரிமைத் தொகையாக மாதம் 1,000 ரூபாய் தரத் தொடங்கியது இந்த ஐந்து மணி நேரத்துக்கு ஓர் அங்கீகாரமாகத்தான். பணம் வங்கிக் கணக்குக்கு வந்துவிட்டது. தொழிலாளர் கணக்கில் மட்டும் இன்னும் 92.

வேலையின்மை எங்கே அதிகம்?

2023-24-ல் 15 முதல் 29 வயது வரையிலானவர்களின் வேலையின்மை விகிதம் கேரளத்தில் 29.9 சதவீதம். மத்தியப் பிரதேசத்தில் 2.6. குஜராத்தில் 3.3. எண்ணை மட்டும் பார்த்தால் மத்தியப் பிரதேசம் இளைஞர்களின் சொர்க்கம்.

வேலை இல்லாமல் இருப்பதற்கும் வசதி வேண்டும். வீட்டில் சோறு போட ஆள் இருந்தால்தான், படித்த படிப்புக்கு ஏற்ற வேலை வரும் வரை காத்திருக்க முடியும். கேரளத்துப் பட்டதாரிப் பெண்ணுக்கு வளைகுடாவிலிருந்து அண்ணனோ அப்பாவோ பணம் அனுப்பலாம். அவள் காத்திருக்கிறாள், 81-இல் விழுகிறாள். அந்த மாநிலத்தில் இந்த வயதுப் பெண்களின் வேலையின்மை விகிதம் 47.1 சதவீதம். மத்தியப் பிரதேசத்தின் சாகர் பக்கம் நிலமற்ற வீட்டுப் பையனுக்குக் காத்திருக்கும் யோசனையே கிடையாது. பீடி சுற்றுவான், தள்ளுவண்டி தள்ளுவான், சொந்தக்காரர் கடையில் நிற்பான். அவன் வேலையில் இருப்பவன்.

இதனால், ஏழை நாட்டில் குறைந்த வேலையின்மை விகிதம் சாதனைக்கு அடையாளம் ஆகிவிடாது. படிப்பு கூடக் கூட வேலையின்மை கூடுவதும் இதே காரணத்தால்தான்: எழுதப் படிக்கத் தெரியாதவர்களிடம் அது மிகக் குறைவு, பட்டதாரிகளிடம் மிக அதிகம். 1970-களிலேயே பொருளாதார அறிஞர் ராஜ் கிருஷ்ணா, வேலையின்மையை நேரம், வருமானம், மனவிருப்பம், உற்பத்தித்திறன் என்ற நான்கு கோணங்களில் அளக்கலாம் என்றார். நாம் ஐம்பது ஆண்டுகளாகத் தலைப்பில் போடுவது பெரும்பாலும் நேரத்தை மட்டும். நாள் முழுக்க உழைத்தும் குடும்பம் ஓடாதவர், வருமான அளவுகோலில் வேலையற்றவரே.

2019 தகராறு எதனால்?

முதல் பி.எல்.எஃப்.எஸ். ஆண்டான 2017-18-ல் எல்லா வயதினரையும் சேர்த்து வேலையின்மை 6.1 சதவீதம் என்று வந்தது. அறிக்கை வெளிவரத் தாமதமானது. 2019 ஜனவரியில், தேசியப் புள்ளியியல் ஆணையத்தின் பொறுப்புத் தலைவராக இருந்த பி.சி. மோகனனும் உறுப்பினர் ஜே.வி. மீனாட்சியும் விலகினார்கள். எண்கள் பத்திரிகையில் கசிந்தன; '45 ஆண்டுகளில் இல்லாத அளவு' என்று செய்தி வந்தது. இறுதியான அறிக்கை அல்ல என்றது அரசு. மக்களவைத் தேர்தல் முடிந்து மே 31-ஆம் தேதி அதே எண்ணோடு அறிக்கை வெளியானது.

பழைய கணக்கெடுப்போடு இதை ஒப்பிடக்கூடாது என்று அரசு சொன்ன வாதத்தில் ஓரளவு நியாயம் இருந்தது. பழைய கணக்கெடுப்பு வீடுகளைப் பிரித்ததில் வசதியும் பிழைப்பு வழியும் அடிப்படை. புதியது, வீட்டில் பத்தாம் வகுப்பு முடித்தவர்கள் எத்தனை பேர் என்பதை வைத்துப் பிரித்தது. ஆனால் ஒப்பிடக்கூடாது என்பது வேறு, வெளியிடாமல் வைத்திருப்பது வேறு. அந்த நான்கைந்து மாதத் தாமதம் அரசு எண்கள் மீது ஏற்படுத்திய சந்தேகம் இன்றைக்கும் தீரவில்லை.

தனியார் எண் ஏன் ஒத்துப்போவதில்லை?

மும்பையைச் சேர்ந்த சி.எம்.ஐ.இ. என்ற தனியார் நிறுவனமும் வேலையின்மையை அளக்கிறது. பல மாதங்களில் அதன் எண் 7, 8 சதவீதம் என்று அரசு எண்ணைவிட உயரமாக இருக்கும். காரணம் பெரும்பாலும் கேள்வியில் இருக்கிறது. அது கடந்த வருஷத்தைப் பற்றியோ வாரத்தைப் பற்றியோ கேட்பதில்லை. கணக்கெடுக்கும் நாளையொட்டிய நிலையைக் கேட்கிறது. போகிற போக்கில் ஒரு மணி நேரம் செய்தவர் அதில் எளிதாக வேலையில் இருப்பவர் ஆகிவிடமாட்டார். எது சரி என்று கேட்பதில் பயனில்லை. ஒரே மூலத்தின் எண்ணை அதே மூலத்தின் முந்தைய எண்ணோடு ஒப்பிடலாம். அரசியல்வாதிகள் ஒரு மூலத்தின் பழைய எண்ணையும் இன்னொன்றின் புதிய எண்ணையும் எடுத்துக் கழித்துக் காட்டும்போதுதான் உஷாராக வேண்டும்.

மாத எண் வரும்போது எதைப் பார்ப்பது?

1. மாத எண்ணும் ஆண்டு எண்ணும் வேறு வேறு அளவுகோல்கள். மாதத்தில் வருவது வார நிலை. ஆண்டுத் தலைப்பில் வருவது பெரும்பாலும் வழக்கமான நிலை. 2023-24-ல் முன்னது 4.9, பின்னது 3.2. '3.2-லிருந்து 5.1-க்கு எகிறியது' என்று எழுதினால் அது அளவுகோல் மாறியதைத்தான் சொல்கிறது.

2. மாத எண்ணில் பருவத்தின் ஏற்ற இறக்கம் அப்படியே இருக்கும். ஏப்ரலில் 5.1 ஆக இருந்தது மேயில் 5.6 ஆனபோது, குளிர்காலப் பயிரின் அறுவடை முடிந்ததும் கடும் வெயிலும் காரணமாகச் சொல்லப்பட்டன. அதனால் மே மாதத்தை அடுத்த ஆண்டின் மே மாதத்தோடு ஒப்பிடுவதே நல்லது.

3. விகிதத்தைப் பார்க்கும் முன் பங்கேற்பைப் பார்க்க வேண்டும். இரண்டும் சேர்ந்து இறங்கினால், ஆட்கள் தேடுவதை நிறுத்தியிருக்கலாம்.

4. ஆண்டறிக்கை வரும்போது நேராக வேலையின் வகை பற்றிய அட்டவணைக்குப் போங்கள். 2017-18-ல் வேலையில் இருந்தவர்களில் 22.8 சதவீதம் மாதச் சம்பளக்காரர்கள், 2023-24-ல் 21.7. சுயதொழில் 52.2-லிருந்து 58.4-க்கு ஏறியது. இதே காலத்தில்தான் 15 வயதுக்கு மேற்பட்டவர்களின் வேலையின்மை 6-லிருந்து 3.2-க்கு இறங்கியது. மாதச் சம்பளக்காரர்களிலும் பாதிக்கு மேற்பட்டோருக்கு எழுத்துப்பூர்வமான ஒப்பந்தம் கிடையாது.

5. சராசரி வருமானம் பற்றிய அட்டவணைகளில், 21-ஆம் குறியீட்டுக்காரர்களுக்கு வருமானம் என்று எதுவும் பதிவாவதில்லை என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். சுயதொழிலின் சராசரி வருமானம் என்பது கடைக்காரர் அப்பாவினுடையது. கல்லாவில் உட்கார்ந்த அம்மாவின் நேரமும் அந்த ரூபாய்க்குள்ளேதான் கரைந்திருக்கும்.

6. 2025 ஜனவரிக்குப் பிறகு மாதிரி வடிவமைப்பும் வீடுகளின் எண்ணிக்கையும் மாறிவிட்டன. ஆண்டுக் கணக்கும் ஜூலை–ஜூன் என்பதிலிருந்து ஜனவரி–டிசம்பருக்கு மாறிவிட்டது. 2024 ஜூனில் முடிந்த ஆண்டின் எண்ணையும் 2025-ஆம் ஆண்டின் எண்ணையும் ஒரே கோட்டில் வரைந்த படம் எங்காவது கண்ணில் பட்டால், இரண்டுக்கும் நடுவில் ஒரு வெட்டுக்குறி போட்டிருக்கிறார்களா என்று முதலில் பாருங்கள்.